பெல்லட் அடுப்பு: சூட்டைக் கடைசி அறைக்குக் கொண்டுபோவது எப்படி?

அமெரிக்காவின் குளிர் மாநிலமான வெர்மான்ட், ஒரே தளம் கொண்ட மர வீடு. ஹாலில் பெல்லட் அடுப்பு (மரத்தூளை அழுத்திய சிறு குச்சிகளை எரிப்பது), 9 மீட்டர் நடைபாதை தாண்டிப் படுக்கையறை. வெளியே மைனஸ் 12 டிகிரி. ஹால் 25, படுக்கையறை 15. அடுப்பைக் கூட்டினால் ஹாலில் உட்கார முடியாது; படுக்கையறைச் சூடு மட்டும் அசையாது.

முதல் முயற்சி, எல்லோரும் செய்வதுதான்: அடுப்பருகே மேசை விசிறி வைத்துச் சூட்டை நடைபாதைக்குள் தள்ளுவது. 2 மணி நேரத்தில் ஒரே ஒரு டிகிரி. சூடான காற்று லேசு, கலைந்து கூரைக்கு ஏறிவிடும். உள்ளே அடைந்திருக்கும் குளிர்காற்று வெளியே வந்தால்தானே இது நுழைய இடம் கிடைக்கும்?

அடுத்து விசிறியை இடம் மாற்றினோம். படுக்கையறை வாசலில், தரையில், 30 செ.மீ. விசிறி, ஆகக் குறைந்த வேகம், முகம் அடுப்பைப் பார்த்து. கனமான குளிர்காற்று தரையோடு தவழ்ந்து ஹாலுக்குப் போக, அந்த இடத்தை நிரப்பச் சூடான காற்று கூரையை ஒட்டி அறைக்குள் வருகிறது. 3 மணி நேரத்தில் 18.5.

சரியாக ஓடுகிறதா என்று பார்க்க ஊதுபத்தி போதும். நிலையின் மேல்கட்டைக்கு ஒரு சாண் கீழே பிடித்தால் புகை அறைக்குள் சாய வேண்டும். கணுக்கால் உயரத்தில் வெளியே. விசிறியை நடுவேகத்துக்கு ஏற்றியதும் மேலே புகை சுருண்டு நின்றது: இரண்டு அடுக்கும் கலந்துவிட்டன. வேகம் கூடினால் பலன் குறையும்.

கதவு திறந்தே இருக்க வேண்டும். 7 டிகிரி வித்தியாசத்தில் 1 கிலோவாட் சூட்டைச் சுமக்க நொடிக்குச் சுமார் 120 லிட்டர் காற்று தேவை. கதவடி இடுக்கு அதற்குக் காணாது.

பலர் கவனிக்காமல் விடும் இடம் அடுப்பின் எரிகாற்று, அதாவது பெல்லட் எரியத் தேவையான காற்று. அதை வீட்டுக்குள்ளிருந்தே எடுத்தால், ஈடாகத் தூரத்து ஜன்னல் இடுக்குகள் வழியே வெளிக்குளிர் நுழையும். சுவர் வழியாக உலோகக் குழாய் போட்டு வெளிக்காற்றை நேரே அடுப்புக்குக் கொடுங்கள். குழாயின் வாயில் எலி புகாத கம்பிவலை, பனி குவியும் மட்டத்துக்கு மேலே. உள்ளே வரும் பகுதி வியர்க்கும், உறை சுற்றவும்.

வீட்டில் ஃபர்னஸும் உண்டு: குழாய்கள் வழியே எல்லா அறைக்கும் சூடான காற்றை அனுப்பும் மையச் சூடேற்றி. அதன் விசிறியை மட்டும் ஓட்டி அடுப்பின் சூட்டைப் பரப்புவது எங்களுக்குத் தேறவில்லை. குளிர்ந்த பேஸ்மென்ட்டில் உறையில்லாத குழாய்கள் சூட்டைத் தின்றுவிட்டன. இதைவிட ஆபத்து, ஃபர்னஸின் தெர்மோஸ்டாட் ஹாலில் இருப்பது. ஹால் சூடாகவே இருப்பதால் ஃபர்னஸ் எரியாது, கீழே தண்ணீர்க் குழாய் உறைந்து வெடிக்கும். கடுங்குளிர் இரவுகளில் தினம் இரண்டு முறையாவது ஃபர்னஸை ஓடவிடுங்கள். படுக்கையறை வாசலருகே கார்பன் மோனாக்சைடு (எரியும்போது வரும் மணமற்ற நச்சுவாயு) அலாரம் கட்டாயம்.

மிச்சம் குளியலறை. கதவு மூடியே இருக்கும், அதனால் 14 டிகிரியைத் தாண்டவில்லை. கதவின் மேலும் கீழும் காற்று போகத் திறப்பு வெட்டிப் பார்க்க வேண்டும்.