வாளியில் அள்ளிய கடல்நீர்

கடல் மேற்பரப்பு வெப்பநிலைப் பதிவுகளில் நான் திரும்பத் திரும்பச் சென்று பார்க்கும் ஆண்டு 1945. அவ்வாண்டின் பிற்பகுதியில் உலகச் சராசரி திடீரென ஏறத்தாழ 0.3 டிகிரி செல்சியஸ் சரிந்ததாகப் பழைய தரவு காட்டியது. கடல் குளிரவில்லை, அளந்த கப்பல்கள் மாறியிருந்தன. போர்க்கால அளவீடுகளில் பெரும்பகுதி அமெரிக்கக் கப்பல்களின் எஞ்சின் அறைக்குள் வரும் நீரில் எடுக்கப்பட்டது. போர் முடிந்ததும், வாளியில் அள்ளி அளக்கும் பிரிட்டிஷ் கப்பல்களின் பங்கு கூடியது. எஞ்சின் அறையின் சூடு அளவை உயர்த்திக் காட்டும். கித்தான் வாளியோ, மேல்தளத்தில் வெப்பமானி நிலைபெறும் அந்தச் சில நிமிடங்களுக்குள், ஈரத்துணி காற்றில் உலர உலர, மண்பானையைப் போல உள்ளிருக்கும் நீரைக் குளிர்வித்துவிடும். 2008இல் வளிமண்டல அறிவியலாளர் டேவிட் தாம்சன் குழுவினர் நேச்சர் இதழில் இதை விளக்கினர்.

தனி மாலுமியின் கண்பிழை ஆயிரம் அளவீடுகளின் சராசரியில் கரைந்துவிடும். எல்லா வாளிகளும் ஒரே திசையில் பிழை காட்டினால் அது கரையாது. பல பதிவேடுகளில் அளந்த முறை பற்றிய குறிப்பே இல்லாததால், ஒரே திருத்தத்தை முடிவானது என்று அறிவிக்கவும் இயலாது. ஆகவே பிரிட்டனின் வானிலை அமைப்பான மெட் ஆபீஸ், ஹாட்எஸ்எஸ்டி4 என்னும் தன் கடல் மேற்பரப்பு வெப்பநிலைத் தரவுத்தொகுப்பை ஏற்கத்தக்க வெவ்வேறு திருத்தங்கள் கொண்ட 200 வடிவங்களாக வெளியிடுகிறது. இருநூறையும் ஒன்றாக வரைந்து பார்ப்பதே முறை என்பது என் உறுதியான கருத்து. எதிலும் வெப்பமேறும் போக்கு மறைவதில்லை.

தொடக்ககால வாளி அளவீடுகள் மேல்நோக்கித் திருத்தப்படுவதால், நூற்றாண்டின் மொத்த வெப்பமேற்றம் திருத்தாத தரவில் உள்ளதைவிடக் குறைவாகவே வருகிறது. வெப்பமயமாதலை மிகைப்படுத்தவே தரவைத் திருத்துகிறார்கள் என்று எவரேனும் சொல்லும்போது என்னால் அமைதியாக இருக்க முடிவதில்லை.