சென்டரின் விரல்களைப் பார்த்தவர்

செப்டம்பர் 6

1946-இல் இதே தேதியில்தான் கிளீவ்லேண்ட் பிரவுன்ஸ் என்ற அமெரிக்கக் கால்பந்து அணி தன் முதல் ஆட்டத்தில் மயாமி சீஹாக்ஸை 44-0 என்று வீழ்த்தியது. அந்த அணியில் இரண்டு கறுப்பர்கள் இருந்தார்கள்: முன்வரிசையில் நின்று மோதும் லைன்மேன் பில் வில்லிஸ், பந்தோடு ஓடும் ஃபுல்பேக் மரியன் மோட்லி. 1934 முதல் 1945 வரை, அந்த ஆட்டத்தின் முதன்மைத் தொழில்முறை லீக்கான என்எஃப்எல்லில் ஒரு கறுப்பர்கூட ஆடவில்லை. பிரவுன்ஸ் இருந்தது அதற்குப் போட்டியாக வந்த ஏஏஎஃப்சி லீக்கில். ஜாக்கி ராபின்சன் பேஸ்பாலில் கறுப்பருக்கு இருந்த தடையை உடைத்தது அடுத்த ஏப்ரலில்தான். ராபின்சனை உலகமே அறியும். வில்லிஸை? இந்த ஆதங்கத்தில்தான் எழுத உட்கார்ந்தேன்.

செப்டம்பர் 8

பயிற்சி முகாமில் நடந்ததைத் திரும்பத் திரும்பப் படிக்கிறேன். பந்தைக் கால்களுக்கு இடையே பின்னால் கொடுப்பவர் சென்டர். மோ ஸ்கேரி என்ற சென்டருக்கு நேரெதிரே வில்லிஸை நிறுத்தினார்கள். பந்து, அதை வாங்கி ஆட்டத்தை நடத்தும் குவார்ட்டர்பேக் கைக்குப் போய்ச் சேர்வதற்குள் வில்லிஸ் உள்ளே பாய்ந்துவிட்டார். மறுபடியும் அதேதான். "ஆஃப்சைடு!" என்று கத்தினார் ஸ்கேரி, பந்து நகரும் முன்பே கோட்டைத் தாண்டிவிட்டார் என்று. பயிற்சியாளர் பால் பிரவுன் தரையில் குனிந்து கோட்டையே பார்த்தார். வில்லிஸ் கோட்டைத் தாண்டவே இல்லை. பந்தை எடுக்கும் நொடியில் சென்டரின் விரல்கள் இறுகும். அதைக் கண்டதும் பாய்வார், அவ்வளவுதான்.

எடை சுமார் 210 பவுண்டு. லைன்மேனுக்கு ஒல்லி என்றே சொல்லலாம். உடம்பை நம்பி ஆடும் இடத்தில் கண்ணை நம்பி ஆடியிருக்கிறார்!

செப்டம்பர் 9

ஓஹையோ ஸ்டேட் பல்கலைக்கழகத்திலும் வில்லிஸுக்குப் பயிற்சியாளர் பால் பிரவுன்தான். 1942-இல் தேசிய சாம்பியனான அணி அது. அப்பேர்ப்பட்டவர், தொழில்முறை அணி எதுவும் கறுப்பரைச் சேர்க்காது என்று எண்ணி கனடாவின் மாண்ட்ரியலுக்குப் போய் ஆடக் கிளம்பியிருந்தார்.

செப்டம்பர் 12

முதல் ஆண்டு டிசம்பரில் மயாமியில் ஆட்டம். வில்லிஸும் மோட்லியும் அங்கே போகவில்லை. ஃபுளோரிடாவில் கறுப்பரும் வெள்ளையரும் ஒரே களத்தில் ஆட அன்று இடமில்லை. பிரவுன்ஸ் 34-0 என்று வென்றது. அந்த வெற்றியை நினைத்தால் எனக்கு மனம் ஆறவில்லை. மொத்த அணியும் போக மறுத்திருக்க வேண்டும்.

செப்டம்பர் 14

அந்தக் காலத்து லைன்மேன்களின் உழைப்பைக் கணக்கில் தேடுவது வீண். குவார்ட்டர்பேக்கை வீழ்த்தும் 'சேக்'கை என்எஃப்எல் அதிகாரபூர்வமாக எண்ணத் தொடங்கியதே 1982-இல்தான். பிரவுன்ஸ் 1946 முதல் 1949 வரை நான்கு ஆண்டும் ஏஏஎஃப்சி பட்டம் வென்றதில் வில்லிஸின் பங்கை எந்த எண்ணும் சொல்லாது.

ஆனால் ஓர் ஓட்டம் மட்டும் நிலைத்துவிட்டது. 1950 டிசம்பர் 17, கிளீவ்லேண்டில் உறைந்துபோன தரை. அந்த ஆண்டு பிரவுன்ஸ் தோற்றது இரண்டே ஆட்டம். இரண்டும் நியூயார்க் ஜயண்ட்ஸிடம். இப்போது அதே ஜயண்ட்ஸுடன் பிளேஆஃப், பட்ட ஆட்டத்துக்குப் போவது யார் என்று முடிவு செய்யும் ஆட்டம். ஜீன் ராபர்ட்ஸ் பந்தோடு தனியாக ஓடுகிறார், முன்னால் யாருமில்லை. லைனில் ஆடும் வில்லிஸ் பின்னாலிருந்து துரத்தி, கோல் கோட்டுக்குச் சுமார் 4 யார்டு முன்னால் அவரைச் சாய்த்தார். பந்தைக் கோல் கோட்டைத் தாண்டிக் கொண்டுபோகும் டச்டவுன் ஜயண்ட்ஸுக்குக் கடைசிவரை கிடைக்கவில்லை, பிரவுன்ஸ் 8-3 என்று வென்றது. அடுத்த வாரம் பட்ட ஆட்டத்தில் ராம்ஸ் அணியை 30-28 என வென்று, என்எஃப்எல்லில் சேர்ந்த முதல் ஆண்டிலேயே பிரவுன்ஸ் சாம்பியன்.

செப்டம்பர் 17

1953-க்குப் பிறகு வில்லிஸ் ஆடவில்லை. கிளீவ்லேண்ட் நகரத்தின் பொழுதுபோக்குத் துறையில் வேலைக்குச் சேர்ந்தார். பின்னர் ஓஹையோ மாநில இளைஞர் ஆணையத்தில் பொறுப்பேற்று, வழிதவறிய பிள்ளைகளுக்காக உழைத்தார். சிறந்த ஆட்டக்காரர்களைக் கௌரவிக்கும் ஹால் ஆஃப் ஃபேமில் இடம் கிடைத்தது 1977-இல். இவ்வளவு தாமதத்துக்கு எந்த நியாயமும் எனக்குப் படவில்லை. 2007 நவம்பரில் ஓஹையோ ஸ்டேட், இவருடைய 99-ஆம் எண் சட்டையை இனி யாருக்கும் தருவதில்லை என்று அறிவித்து மரியாதை செய்தது. அதே மாதம் 27-ஆம் தேதி, 86 வயதில் காலமானார். அந்த மரியாதையாவது அவர் இருக்கும்போதே நடந்ததே.