மேன்ஹோலில் தெரிந்த வெளிச்சம்

மாம்பழ சீசன் தொடங்குவதற்கு முன்னால் கிருஷ்ணகிரி சுற்றுவட்டாரக் கூழ் ஆலைகளில் எங்களுக்குத்தான் வேலை. பெங்களூரா ஏற்றிய வண்டிகள் வரிசைகட்டி நிற்க ஆரம்பித்துவிட்டால் ஒரு குழாயைக்கூடக் கழற்ற விடமாட்டார்கள். அதனால் மார்ச், ஏப்ரலிலேயே ஸ்டெயின்லெஸ் ஸ்டீல் டேங்க், பைப்லைன் எல்லாவற்றையும் பார்த்து, விரிசல் விட்ட இடத்தில் டிக் வெல்டிங் போட்டுக் கொடுத்துவிட வேண்டும். டங்ஸ்டன் முனைக்கும் தகட்டுக்கும் நடுவே ஆர்க் என்கிற மின்பொறியை மூட்டி, ஆர்கான் வாயுவால் மூடி உருக்கி ஒட்டுவதுதான் அது. 17 வருஷமாக இதுதான் பிழைப்பு.

அந்த வருஷம் ஹெல்ப்பராக வந்தவன் காவேரிப்பட்டினத்துப் பையன், வயசு 19. உருக்கிச் சேர்க்கிற ஃபில்லர் கம்பியை எடுத்துக் கொடு என்றால் போனைப் பார்த்துக்கொண்டே நீட்டுவான். ஒருநாள் திட்டலாம் என்று போனால், கதை எழுதிக்கொண்டிருக்கிறான். எங்கோ வானத்தில் பிளாஸ்மாவாலேயே ஆன உயிர்களாம். பிளாஸ்மா என்றால் கடும் சூட்டில் மின்னேறி ஒளிர்கிற வாயு, நம்ம ஆர்க்கும் அதுதான். கை கால் கிடையாது, வாய் கிடையாது, ஒன்றோடொன்று பேசுவது வெளிச்சத்தால். எங்கேடா பிடிச்ச இதை என்றேன். "நீங்க பல்ஸ்ல வச்சு ஓட்டும்போது டேங்க் சுவத்துல விழுற வெளிச்சத்தைப் பாருங்கண்ணா, யாரோ பேசுற மாதிரியே இருக்கும்" என்றான். வெறுங்கண்ணால் பார்த்திருக்கிறான். அன்று ராத்திரி கண்ணில் மணலை அள்ளிக் கொட்டினது மாதிரி துடித்துப்போனான், மறுநாள் அவனுக்கும் ஒரு கறுப்புக் கண்ணாடி வாங்கிக் கொடுத்தேன்.

பல்ஸ் என்பது கரண்டை ஏற்றி இறக்கி ஓட்டுவது, மெல்லிய தகட்டில் ஓட்டை விழாமலிருக்க. நான் சுவரை எங்கே பார்த்தேன்? கண்ணாடிக்குள் எனக்குத் தெரிவதெல்லாம் டங்ஸ்டன் முனையிலிருந்து மணி மாதிரி விரிகிற வெளிச்சம், அதற்குக் கீழே மிளகு அளவுக்கு உருகிப் பளபளக்கும் குளம், அதன் ஓரத்தில் சுழன்றுகொண்டே இருக்கும் ஒரு தூசி, அவ்வளவுதான். "அது என்னண்ணா சொல்லுது?" என்று கேட்டான். யோசித்துப் பார்த்தால் சொல்லத்தான் செய்கிறது. ஆர்க் ஒரு பக்கமாகச் சாய்ந்து அலைந்தால் டங்ஸ்டன் முனை கெட்டுவிட்டது, தீட்டணும். குளம் மங்கிக் கருத்தால் ஆர்கான் சரியாக மூடவில்லை, எங்கேயோ ஃபேன் காற்று அடிக்கிறது. இதையெல்லாம் யாரும் எனக்கு வாயால் சொல்லிக்கொடுக்கவில்லை.

அப்புறம் டீ வேளைகளில் அவன் கதையில் நானும் கைவைக்க ஆரம்பித்தேன். முதலில் அவனுடைய உயிர்கள் இருட்டு வானத்தில் சும்மா மிதந்துகொண்டிருந்தன. டேய், பட்டனை விட்டதும் ஆர்க் என்னாகுது, இமைக்கிறதுக்குள்ளே வெறும் வாயுவாகிப் போகுதே, ஏதாவது ஒண்ணு அதைச் சூடு ஆறாம வச்சிருக்கணும் இல்லையா என்றேன். மறுநாளே தூக்கி நட்சத்திரத்துக்குள்ளேயே குடிவைத்துவிட்டான். சூரியனே பிளாஸ்மா உருண்டைதான், அதனால் சரி என்று விட்டேன். அடுத்தது நிறம். இஷ்டத்துக்குக் கொடுத்திருந்தான். துத்தநாகம் பூசிய ஜி.ஐ. பைப்பில் வெல்டிங் வைத்தால் துத்தநாகம் பச்சையும் நீலமுமாக எரிகிறது, அடுப்பில் உப்பு விழுந்தால் தீ மஞ்சளாகிறது, உள்ளே என்ன இருக்கிறதோ அதுதான் நிறம் என்றேன். கொஞ்ச நேரம் டீ கிளாஸையே உருட்டிக்கொண்டிருந்தவன், "அப்போ அதுங்க எதைத் தின்னுச்சோ அதுதான் பேச்சுல வரும். பொய்யே சொல்ல முடியாதுல்ல?" என்றான். மொத்தக் கதையிலும் உருப்படியான இடம் அதுதான் என்பது என் அபிப்பிராயம். காதல் அத்தியாயம் தேறவில்லை, அதையும் அவன் முகத்துக்கு நேராகவே சொன்னேன்.

அவனுக்கு ஹீலியம் கதையைச் சொன்னதும் அந்த நாட்களில்தான். 1868 ஆகஸ்ட் 18, முழு சூரிய கிரகணம். ஜான்சன் என்ற பிரெஞ்சு வானியலாளர் அதைப் பார்க்கவே நம்ம பக்கத்து ஆந்திராவில் குண்டூருக்கு வந்து இறங்கினார். அந்தக் கிரகணத்தில் சூரிய விளிம்பின் வெளிச்சத்தை நிறம் நிறமாகப் பிரித்துப் பார்த்தவர்களுக்கு ஒரு மஞ்சள் கோடு தெரிந்தது. முதலில் சோடியம் என்று நினைத்தார்கள், இடம் பொருந்தவில்லை, தெரிந்த எந்தப் பொருளோடும் சேரவில்லை. லாக்யர் என்ற ஆங்கிலேய வானியலாளர் அதைப் புதுத் தனிமம் என்று சொல்ல, சூரியன் பெயராலேயே ஹீலியம் என்று பெயர் வந்தது. 1895இல்தான் ராம்சே என்ற வேதியியலாளர் அதை பூமியில் பிடித்தார். 27 வருஷம் வெறும் வெளிச்சத்தின் பேச்சை நம்பியிருந்தார்கள். இதில் நம் தொழிலுக்கும் பங்கு உண்டு. 1940களில் அமெரிக்காவில் டிக் வெல்டிங் வந்தபோது முதலில் ஓட்டியது ஹீலியத்தை வைத்துத்தான், அதனாலேயே ஹீலியார்க் என்று அதற்குப் பெயர். நமக்கு ஆர்கான்தான் கட்டுபடியாகும்.

அந்த ஆர்கான்தான் என்னைச் சாய்த்தது. ஒரு டேங்கின் அடித்தகட்டில் விரிசல். பக்கவாட்டு மேன்ஹோல் வழியாக உள்ளே போய்க் குந்தி உட்கார்ந்து போடவேண்டிய வேலை, நிமிஷத்துக்கு 10, 12 லிட்டர் வாயு போய்க்கொண்டே இருக்கும். ஆர்கான் காற்றைவிடக் கிட்டத்தட்ட 1.4 மடங்கு கனம், அடியில் தேங்கும். நிறமில்லை, வாசனையில்லை, மூச்சு முட்டுகிற மாதிரிகூட இருக்காது. காற்றில் ஆக்சிஜன் 20.9 சதவீதம், அது 19.5க்குக் கீழே இறங்கினால் உள்ளே ஆள் இருக்கக் கூடாது. அளக்க மீட்டர் கேட்டதற்கு, நாளைக்கு வரும் என்றார்கள். உள்ளே காற்றடிக்கிற ப்ளோயர்தான் இருக்கிறதே என்று நானும் இறங்கினேன், அது என் தப்பு. மதியத்துக்கு மேல் யாரோ வேறு வேலைக்காக எங்கள் ப்ளோயர் பிளக்கைப் பிடுங்கி அவர்கள் மெஷினைச் சொருகிக்கொண்டார்கள். வெளியே கிரைண்டிங் சத்தம், ப்ளோயர் நின்றதே எங்கள் ரெண்டு பேருக்கும் தெரியவில்லை.

எனக்கு ஞாபகம் இருப்பது குளம் ரெண்டாகத் தெரிந்தது வரைக்கும்தான். அடுத்து ஞாபகம் வருவது தலைக்கு மேலே ஆஸ்பெஸ்டாஸ் கூரை. இடுப்பில் கட்டியிருந்த கயிற்றைப் பிடித்து நாலு பேர் இழுத்துப் போட்டிருக்கிறார்கள். பையன் கால்மாட்டில் உட்கார்ந்து அழுதுகொண்டிருந்தான். எப்படிடா தெரிஞ்சுது என்று கேட்டேன்.

"ஆர்க் நின்னா எண்ணுவேண்ணா. டங்ஸ்டன் மாத்துறதுன்னாலும் 30 எண்ணுறதுக்குள்ள மேன்ஹோல்ல மறுபடி வெளிச்சம் வந்துடும். இன்னைக்கு 40 தாண்டிடுச்சு."

எண்ணச் சொல்லி நான் சொன்னதே இல்லை. கதைக்காக எண்ணியிருக்கிறான், எவ்வளவு நேரம் எரிகிறது, எவ்வளவு நேரம் அணைகிறது என்று போனில் பக்கம் பக்கமாகக் குறித்து வைத்திருந்தான். நல்லவேளை, அவன் உள்ளே குதிக்கவில்லை. குதித்திருந்தால் ரெண்டு பேர்.

அதற்கப்புறம் கதையை மாற்றி எழுதினான். முன்பு அந்த உயிர்களுக்கு வெளிச்சம்தான் சொல், இருட்டு வெறும் இடைவெளி. புதுசில், ஒவ்வொன்றும் பக்கத்திலிருப்பது அணைகிற நேரத்தை எண்ணிக்கொண்டே இருக்கும், வழக்கத்தைவிட நீண்டால் கூட்டமே ஒளிர்வதை நிறுத்திவிட்டு அந்தப் பக்கம் திரும்பும். படித்துவிட்டு நன்றாயிருக்கிறது என்றேன், வேறெதுவும் சொல்லவில்லை.

இப்போது அவன் ஓசூரில் ஒரு கம்பெனியில் வெல்டர். இந்த சீசனுக்கு வந்திருக்கிற புதுப் பையனுக்குக் கதை கிதை எதுவும் தெரியாது. மீட்டரை நானே காசு போட்டு வாங்கிவிட்டேன். மேன்ஹோலுக்குள் தலையை விடுமுன், டார்ச் லைட்டை ரெண்டு தடவை அடிச்சா டங்ஸ்டன் தீட்டறேன்னு அர்த்தம், ஒண்ணுமே வரலைன்னா 30 எண்ணு, உள்ளே மட்டும் வராதே, கயித்தை இழு என்று சொன்னேன். "சரிண்ணா" என்றான். எத்தனை எண்ணணும் என்று திரும்பக் கேட்டேன். 50 என்றான். இறங்காமல் மறுபடி முதலிலிருந்து சொன்னேன்.