கறிக்கடையிலிருந்து வந்த வில்லன்

மரியோ பிரேகா என்று பெயரைச் சொன்னால் எங்கள் பாலக்காட்டுப் பக்கத்துக் கொழிஞ்சாம்பாறையில் ஒருத்தருக்கும் தெரியாது. 'தி குட், தி பேட் அண்ட் தி அக்லி' என்ற கௌபாய் படத்தில், வெளியே கைதிகள் வாத்தியம் வாசிக்க வாசிக்க உள்ளே டூகோ என்கிற கொள்ளைக்காரனைப் போட்டுச் சாத்துவாரே ஒரு தடியர், அவர்தான் என்றால் பாதிப் பேருக்குப் பிடிபட்டுவிடும்.

போன ஞாயிறு நான் அதைப் பார்த்துக்கொண்டிருந்தபோது மாமா பக்கத்தில் வந்து உட்கார்ந்தார். முப்பது வருசமாகக் கறிக்கடை வைத்திருக்கிறவர். "ஏன் மாப்ளே, இது நடிகன் கையாட்டம் இல்லையே, கறி வெட்டுன கையாட்டமல்ல இருக்குது" என்றார். சும்மா அடித்துவிடுகிறார் என்று தேடிப் பார்த்தால், சினிமாவுக்கு வருமுன் பிரேகா நிஜமாகவே கசாப்புக்கடைக்காரர்! அதற்கப்புறம் மாமாவின் அலட்டல் தாங்கவில்லை.

1923இல் ரோமில் பிறந்தவர், ஆறடிக்கு மேல் உயரம், அதற்கேற்ற உடம்பு. இத்தாலிய இயக்குநர் செர்ஜியோ லியோனே எடுத்த, டாலர் படங்கள் என்று சொல்லப்படும் மூன்று கௌபாய் படங்களிலும் இருக்கிறார், மூன்றிலும் முரட்டு ஆள்தான். 1964இல் வந்த முதல் படத்தில் உருண்டு வரும் பீப்பாய் நசுக்கிச் சாகிறார், 1966இல் வந்த அந்த 'குட், பேட், அக்லி'யில் ஓடும் ரயிலிலிருந்து டூகோ இழுத்துப் போட்டுக் கொல்கிறான். முதல் படத்தை அமெரிக்கப் படமாகக் காட்ட டைட்டிலில் பெயரையே மாற்றினார்கள்: லியோனே பாப் ராபர்ட்சன் ஆனார், பிரேகா ரிச்சர்ட் ஸ்டைவெசன்ட் ஆனார். குரலும் அப்படித்தான், அந்தக் கால இத்தாலியில் எல்லாம் பின்னால் டப்பிங்தானே. ஆக, அடிவாங்க உடம்பு மட்டும் போதும் என்று வைத்திருந்தார்கள்.

எனக்குப் பிடித்த பிரேகா இதற்கு அப்புறம் வருகிறவர். லியோனே கைதூக்கிவிட்ட நகைச்சுவை நடிகர் கார்லோ வெர்டோனே 1980இல் இயக்குநரானபோது பிரேகாவை அப்பாவாகப் போட்டார், இவரும் அசல் ரோம் பேச்சிலேயே வெளுத்துக்கட்டினார். நம்ம பக்கம் மலையாள நடிகர் மாமுக்கோயா ஞாபகம் வருகிறதா? கோழிக்கோடு கல்லாயியில் மரம் அளந்துகொண்டிருந்தவர், அந்த ஊர்ப் பேச்சை அப்படியே சினிமாவுக்குக் கொண்டுவந்து ஜெயித்தார் இல்லையா, அந்த மாதிரி. வெர்டோனேயின் அடுத்த வருடப் படத்தில் பிரேகா லாரி டிரைவர், ஒரு பாட்டிக்கு ஊசி போடுவார். டூகோவைத் துவைத்த அதே கை, இங்கே பாட்டிக்கு வலிக்கவே கூடாது என்று என்ன பதமாக இறங்குகிறது! 1982இல் வந்த 'போரோடால்கோ'வில் மாப்பிள்ளையாக வரப்போகிறவன் வாயில் ஆலிவ் காயை விடாமல் திணிக்கும் மாமனார். ரோம்காரர்கள் இன்றும் சொல்லிச் சிரிக்கும் காட்சி.

1994இல் இறந்துவிட்டார் என்றேன். மாமா கொஞ்சநேரம் பேசவில்லை. அப்புறம், "அந்த ஆலிவ்ங்கிறது நம்ம நெல்லிக்காயாட்டமா இருக்குமா?" என்றார்.