இரண்டாவது அறை

"சனம் ஏன் அண்ணா கை தட்டுது?"

தங்கச்சி கேட்டது இவ்வளவுதான். வீடியோவைப் பாதியில் நிறுத்திவிட்டு, திரையைப் பார்த்தபடியே கேட்டாள். நான் சொன்ன பதிலும் பிழை இல்லை. "வில்லன் வேலையை நல்லாச் செஞ்சா தட்டுவாங்க. நடிப்புத்தானே."

"ஓம்" என்று சொல்லி, போனைத் திருப்பித் தந்துவிட்டு அடுப்படிக்குப் போனாள். இரண்டு வருடமாகிறது. இந்தப் புரட்டாதிக்குக் கிழக்கிலங்கையில் எங்கள் ஊரான பாண்டிருப்புக்கு வந்து, அதே வீட்டில் படுத்துக்கொண்டு இதை எழுதுகிறேன். அந்தப் பதில் இன்னும் தொண்டையில் நிற்கிறது.

அவள் பார்த்தது 40 செக்கன் துண்டு. இங்கிலாந்தில் ஒரு சின்ன நகர மண்டபம், நிலத்தில் பட்மின்டன் கோடுகள், 150 பேர் வரை சனம். ஆணும் பெண்ணும் மோதுகிற, முடிவைப் பேசி வைத்து ஆடுகிற கலப்பு மல்யுத்தத்தில் ஆறு வருடமாக எனக்கு எப்போதும் கெட்டவன் வேடம்தான். தாடியும் நிறமும் பாதி வேலையைச் செய்துவிடும், மீதியை நான் செய்வேன். எதிரில் ஜோடியாக ஆடுகிற பெண்ணைக் கேவலமாகப் பேசுவேன், முடியைப் பிடிப்பேன், கயிற்றோடு சாய்த்து அறைவேன். கடைசியில் அவள் என்னைத் தூக்கி எறிவாள். தூக்குவாள் என்றால், நான்தான் துள்ளுவேன். என்னுடைய 90 கிலோவை 60 கிலோக்காரி தூக்கியதாக மண்டபம் நம்புவது என் கணுக்காலில்தான் இருக்கிறது. நெஞ்சில் வைக்கிற அடியில் சத்தம்தான் பெரிசு. முதுகில் விழும்போது நாடியை நெஞ்சோடு சேர்த்து, மூச்சை விட்டு, இரண்டு கையாலும் தளத்தை அறைய வேண்டும். அந்தச் சத்தத்தில்தான் சனம் கண்ணை மூடும். தளத்துக்கு அடியில் வெறும் பலகை, மேலே ஒரு மெல்லிய ஸ்பொஞ்ச். இரவில் நோகும். இதற்கு 40 பவுண். பகலில் பெட்ரோல் செட்டில் வேலை.

ஆனால் கன்னத்தில் அறைவதற்குப் பொய்யான வழி கிடையாது. காதில் படாமல், தாடையின் கீழ்ப்பக்கமாக, விரல்களால் மட்டும் அறைய வேண்டும். அது உண்மையாகவே படும். இரண்டு பேருக்கும் அது தெரியும்.

அன்றைக்குப் பேசி வைத்தது இப்படி: நான் ஒரு அறை கொடுப்பேன். இரண்டாவதுக்குக் கை ஓங்கும்போது அவள் மணிக்கட்டைப் பிடிப்பாள். மண்டபம் எழும்பும். அங்கிருந்து மேட்ச் அவளுடையது.

முதல் அறை விழுந்தது. வழக்கமாக அந்த இடத்தில் ஒரு ஊளை வரும். எனக்கு அதுதான் சம்பளம் என்று சொல்லலாம். அன்றைக்கும் வந்தது. ஆனால் இடதுபக்க வரிசையில் ஏழெட்டு ஆம்பிளைகள் கை தட்டினார்கள். அப்புறம் தாளம் போட்டு, "இன்னொரு தரம், இன்னொரு தரம்" என்று கத்தினார்கள். மற்ற வரிசைகளிலும் ஒவ்வொன்றாகத் தொற்றியது. அவள் முழங்காலில் இருந்தாள். முகத்தில் முடி. நான் குனிந்து முடியைப் பிடிப்பதுபோல் காதோடு கேட்டேன்: "இன்னொன்று எடுக்கிறாயா?"

"போடு" என்றாள்.

போட்டேன். மூன்றாவதை அவள் பிடித்தாள். மிச்சமெல்லாம் பேசியபடியே நடந்தது. அவள் ஜெயித்தாள், நான் தோற்றேன், உடுப்பு மாற்றும் அறையில் ஒரே தண்ணிப் போத்தலில் இரண்டு பேரும் குடித்தோம். "நல்ல சூடு வந்தது" என்றாள். சனத்தின் கோபத்துக்கு எங்கள் தொழிலில் சூடு என்றுதான் பெயர்.

ஆனால் அது கோபமா?

இந்த இடத்தில் என் பக்கத்து நியாயங்கள் வரிசையாக வந்து நிற்கும். அவளைக் கேட்டுத்தான் அறைந்தேன், அவள் போடு என்றாள். 1979ல் அமெரிக்காவில் அண்டி கௌஃப்மன் என்ற நகைச்சுவைக்காரன், தன்னை மல்லாத்துகிற பெண்ணுக்கு 1,000 டொலர் என்று மேடை மேடையாக ஏறி வெறுப்பைத் தேடிப் போனான். வெறுக்கப்படுவதும் ஒரு கலைதான். அமெரிக்காவின் பெரிய மல்யுத்தக் கம்பனியான டபிள்யூ.டபிள்யூ.ஈ.யில் கலப்பு ஜோடி மேட்ச் என்றால் ஆணோடு ஆண், பெண்ணோடு பெண்தான். ஒருத்தி மாறினால் எதிர்ப்பக்கமும் மாற வேண்டும். அதே கம்பனியில்தான் 1999ல் சைனா என்ற பெண் ஒரு ஆணைத் தோற்கடித்து இன்டர்கொன்டினென்டல் பட்டத்தை எடுத்தாள். எங்கள் பக்கமும் உண்டு: 1954ல் பரோடாவில் ஹமீதா பானு என்ற பெண் பாபா பயில்வானை 1 நிமிடம் 34 செக்கனில் சாய்த்தாள். என் ஜோடிக்கு இந்தக் கதை நிரம்பப் பிடிக்கும். "ஆம்பிளை அடிக்காத மேட்சில நான் ஜெயிச்சா அதை எவன் நம்புவான்?" என்று கேட்பாள். எனக்கு அதற்கு மறுமொழி இல்லை. தேடியதும் இல்லை.

சரி. ஆனால் நான் ஏன் கேட்டேன் என்பது வேறு விசயம். அவள் ஒத்துக்கொண்டது ஒரு செக்கனில், முழங்காலில், சனத்தின் நடுவில். அந்த நேரம் வேண்டாம் என்று சொல்கிற ஆளை நான் கண்டதில்லை. நானும் சொன்னதில்லை. கை உடைந்த அன்றைக்கும் "போகலாம்" என்றுதான் நடுவரிடம் சொன்னேன். அது இருக்கட்டும். ஆறு வருடத்தில் எனக்காக யாரும் கை தட்டியது அன்றைக்குத்தான். அது எனக்குப் பிடித்திருந்தது. இந்த வரியை எழுத எனக்கு இரண்டு வருடம் எடுத்தது.

அப்பா கூத்தாடி. பாரதக் கூத்தில் துச்சாதனன் அவர்தான். பாஞ்சாலியாக ஆடியவர் எங்கள் பெரிய மாமா. விடியப்புறம் மீசையை வழித்துவிட்டு வந்து சேலை கட்டுவார். அப்பா வட்டக்களரியில் மாமாவின் கூந்தலைப் பிடித்து இழுத்துச் சுற்றி வரும்போது, பாயில் குந்தியிருந்த பொம்பிளைகள் மண்ணை அள்ளித் தூற்றுவார்கள். "நாசமாப் போவான், உன்ர கை அழுகிப் போகும்" என்பார்கள். மறுநாள் கடைக்குப் போனால் ஒரு கிழவி முகம் கொடுக்க மாட்டாள். அப்பா அதை வீட்டில் வந்து பெருமையாகச் சொல்லுவார். நான் சீமையில் செய்வதும் அதுதான் என்று நினைத்திருந்தேன். லண்டனுக்கு வந்த புதிதில், பயிற்சியாளர் கெட்டவன் வேடம் தந்தபோது, எனக்குத் தெரிந்த தொழில் என்று சந்தோசப்பட்டேன்.

களரியைச் சுற்றி இருந்த சனத்தில் ஒருவரும் துச்சாதனனுக்குக் கை தட்டியதில்லை. எனக்குத் தெரிந்து இல்லை. சின்ன வயசு ஞாபகம், பின்வரிசையில் ஆம்பிளைகள் என்ன செய்தார்கள் என்று நான் திரும்பிப் பார்க்கவில்லை. மறுகா, அங்கே இழுபட்டதும் ஒரு ஆம்பிளை. மாமாவுக்கு வலித்தால் அடுத்த நாள் அப்பாவைத் தென்னந்தோட்டத்தில் பிடித்து உதைத்திருப்பார்.

தங்கச்சியின் வீட்டில் நடந்ததை இங்கே எழுதப் போவதில்லை. எங்கள் பகுதியில் வீடு பெண்ணுக்கு. மாப்பிள்ளைதான் வந்து குடியிருக்க வேண்டும். அதனால் ஒரு ஆள் வெளியே போக வேண்டி வந்தபோது போனது அவர். அது நல்லதாகப் போயிற்று. ஒன்றை மட்டும் சொல்லலாம். அது முற்றத்தில் நடந்த நாட்களில் வேலிக்கு அந்தப் பக்கம் சனம் நின்றது என்று அம்மா ஒருமுறை சொன்னார். யாரும் உள்ளே வரவில்லை. பார்த்தது மட்டும்தான். அவள் என்னிடம் "சனம்" என்று சொன்னபோது எந்தச் சனத்தைச் சொன்னாள் என்று எனக்குத் தெரியாது. மண்டபத்துச் சனமாகவும் இருக்கலாம். சும்மா கேட்டதாகவும் இருக்கலாம், அவள் எதையும் சும்மா கேட்பவள் இல்லை என்றாலும். கேள்வியை இப்படிப் பெரிசாக்கி வைத்திருப்பது நான்தானோ என்றும் சில நாள் தோன்றும்.

திரும்பிப் போனதும் ஜோடியிடம் சொன்னேன், இனி நான் அறையப் போவதில்லை என்று. காரணத்தையும் சொன்னேன். அவள் கொஞ்ச நேரம் பேசவில்லை. அப்புறம், "உன் தங்கச்சிக்காக நான் கவலைப்படுகிறேன். ஆனால் அவளுடைய கேள்விக்கு என் வேலை ஏன் குறைய வேண்டும்?" என்றாள். குறைந்தது. அறை இல்லாமல் நாங்கள் ஆடிய நாலு மேட்சும் செத்துக் கிடந்தன. ஏற்பாட்டாளர் என்னை வைத்துக்கொண்டு, அவளைக் கூப்பிடாமல் விட்டார். நான் நல்லவனானதன் செலவு அவளுக்குப் போனது. ஐந்து மாதத்தில் திரும்பவும் அறையத் தொடங்கினேன். ஒன்று மட்டும், பேசி வைத்தது மட்டும். இதை ஒரு கொள்கை என்று நான் யாரிடமும் சொல்வதில்லை.

இந்த முறை வரும்போது முழு மேட்சையும் போனில் ஏற்றிக்கொண்டு வந்தேன். அந்த 40 செக்கன் துண்டை ஜோடி என் மணிக்கட்டைப் பிடிக்கிறதுக்கு முன்னால் யாரோ வெட்டியிருந்தான். முழுவதையும் காட்டினால் தங்கச்சிக்குப் பதில் கிடைத்துவிடும், ஜோடி ஜெயிப்பதைப் பார்ப்பாள் என்று நினைத்தேன். தீ மிதிப்பு முடிந்த இரவு, கோயிலால் வந்து, எல்லாரும் படுத்த பிறகு, நான் வழக்கமாகப் படுக்கும் இரண்டாவது அறையில் இருந்து, காதில் மாட்டிக்கொண்டு ஒருமுறை பார்த்தேன். மேடைக் காசில் சேர்த்து ஓடு போட்ட அறை இது. 11 நிமிடம். அவள் என் கையைப் பிடிக்கிறாள், சனம் கத்துகிறது. என்னை எறிகிறாள், சனம் கத்துகிறது. நடுவர் மூன்று எண்ணுகிறார், மணி அடிக்கிறது.

பின்னுக்கு ஓட்டி இரண்டாவது அறையைக் கேட்டேன். முன்னுக்கு ஓட்டி மணி அடிக்கிற இடத்தைக் கேட்டேன். திரும்பவும் பின்னுக்கு. சத்தத்தைக் குறைத்தும் கூட்டியும் நாலைந்து தரம் கேட்டேன். இரண்டாவது அறைக்கு விழுந்த கைதட்டல்தான் பெரிசு.

காலையில் தங்கச்சி தேத்தண்ணி கொண்டுவந்தாள். தண்ணி மோட்டர் பழுது, கல்முனையில் ஆளைப் பிடிக்க வேண்டும், காசு இருக்கா என்று கேட்டாள். போன் பாயில் கவிழ்ந்து கிடந்தது. இருக்கு என்றேன்.