கான்ராட் ஃபைட்டைப் பார்த்த இரவுகள்

ஜூன் 3

‘டாக்டர் கலிகாரி’யை மறுபடி போட்டேன். 1920 பிப்ரவரியில் பெர்லினில் வெளியான மௌனப்படம். இதைப் பற்றி எழுதுகிறவர்கள் எல்லோரும் அரங்க அமைப்பிலேயே நின்றுவிடுகிறார்கள்: துணியில் வரைந்த தெரு, சாய்ந்த சன்னல், சுவரில் வண்ணமாகவே பூசிய நிழல். நான் உட்கார்ந்தது சேசரேக்காக, அந்த வேடத்தில் வரும் ஜெர்மன் நடிகர் கான்ராட் ஃபைட்டுக்காக. இருபத்துமூன்று ஆண்டுகளாகத் தூங்கிக்கொண்டே இருப்பவன். திருவிழாக் கூடாரத்தில் கலிகாரி பெட்டியைத் திறந்து, எழுந்திரு என்று உத்தரவிடுகிறார். திரை நிறைய அவன் முகம் மட்டும். கண் உடனே திறப்பதில்லை. உதட்டருகே ஒரு துடிப்பு, பிறகு இமையில் ஒரு நடுக்கம், அதன்பின் மெல்ல மெல்லப் பிரிந்து, கடைசியில் இதற்குமேல் அகல முடியாது என்னும் அளவுக்கு விழிகள் விரிகின்றன. அந்தச் சில நொடிகளை நிறுத்தி நிறுத்திப் பார்த்தேன். பயமுறுத்துவதற்காக ஃபைட் எதையுமே செய்யவில்லை. எழ விருப்பமில்லாத ஒருவனை யாரோ எழுப்புகிறார்கள், அவ்வளவுதான். பயம் அதிலிருந்து தானாக வருகிறது.

ஜூன் 5

பிறப்பு 1893 ஜனவரி 22, பெர்லின். மாக்ஸ் ரைன்ஹார்ட்டின் நாடக அரங்கில் பயிற்சி. முதல் உலகப் போரில் கிழக்குப் போர்முனைக்கு அனுப்பப்பட்டு, மஞ்சள் காமாலையும் நிமோனியாவும் வந்து திரும்பியவர். பிறகு படங்கள், வரிசையாக.

சேசரேக்கு முந்தைய ஆண்டே அவர் செய்த ஒரு வேலைக்கு இன்னும் உரிய பெயர் கிடைக்கவில்லை. 1919இல் ரிச்சர்ட் ஓஸ்வால்ட் எடுத்த ‘மற்றவர்களிலிருந்து வேறானவன்’. ஆண்களுக்கிடையிலான உறவைக் குற்றமாக்கிய 175ஆம் சட்டப்பிரிவுக்கு எதிராக, மருத்துவர் மாக்னுஸ் ஹிர்ஷ்ஃபெல்டும் சேர்ந்து எழுதிய கதை. ஃபைட் ஒரு வயலின் கலைஞர். மிரட்டிப் பணம் பறிப்பவனிடம் சிக்கி, கடைசியில் உயிரை மாய்த்துக்கொள்கிறார். மறு ஆண்டே பொதுமக்களுக்குத் திரையிடத் தடை. இன்று கிடைப்பது துண்டுகள்தான். வளர்ந்துவரும் நடிகர் எவரும் தன் பெயருக்கு என்ன ஆகுமோ என்று தயங்கியிருக்கக்கூடிய வேடம்.

ஜூன் 8

‘ஓர்லாக்கின் கைகள்’, 1924, இயக்கம் ராபர்ட் வீனே. ரயில் விபத்தில் கைகளை இழந்த பியானோ கலைஞருக்கு மரண தண்டனை நிறைவேற்றப்பட்ட கொலைகாரன் ஒருவனின் கைகளைப் பொருத்திவிடுகிறார்கள். ஃபைட் அந்தக் கைகளைத் தன்னிடமிருந்து விலக்கி, நீட்டிப் பிடித்துக்கொண்டு நடக்கிறார். அவர் ஓடினால் கைகள் முன்னே ஓடுகின்றன, உடம்பு பின்னால் இழுபடுகிறது. படம் சில இடங்களில் மெத்தனம். கையைப் பார்த்துக்கொண்டிருந்தால் அது உறைப்பதில்லை.

இவரைப் ‘பேய்ப்பட நடிகர்’ என்று ஓரங்கட்டுவது எனக்குப் பிடிக்கவில்லை. பாத்திரங்களை அடுத்தடுத்து வைத்துப் பார்க்கிறேன். பிறர் சொல்லிக் கொலை செய்யப் போகும் தூங்குமூஞ்சி. பிறர் கையோடு வாழும் கலைஞன். 1926இன் ‘பிராக் மாணவன்’ படத்தில் கண்ணாடியில் தெரியும் தன் உருவத்தை விற்றுவிட்டவன். எல்லோருமே தம் உடல் தம் வசம் இல்லாதவர்கள். அந்த இழுபறியை நடித்துக் காட்ட அவரைப்போல் இன்னொருவரை நான் பார்த்ததில்லை.

ஜூன் 9

‘இந்தியக் கல்லறை’, 1921, இரண்டு பாகம். மகாராஜாவாக ஃபைட். இந்தியா முழுவதும் பெர்லினை அடுத்த வோல்டர்ஸ்டோர்ஃபில் கட்டி எழுப்பியது. யோகி, புலி, பழிவாங்கும் மன்னன் என எல்லாம் உண்டு. சிரிப்பு வந்தது. தலைப்பாகை அவருக்கு நன்றாகவே பொருந்தியிருக்கிறது என்பதையும் சொல்லிவிட வேண்டும்.

ஜூன் 14

ஹாலிவுட் காலம். யூனிவர்சல் எடுத்த ‘சிரிக்கும் மனிதன்’, 1928. சிறுவயதிலேயே வாயை அறுத்து நிரந்தரச் சிரிப்பாக்கிவிட்ட குவின்பிளெய்ன். ஜாக் பியர்ஸின் ஒப்பனை: வாய்க்குள் மாட்டும் பல்வரிசை, உதட்டோரங்களை இழுத்துப் பிடிக்கும் கொக்கிகள். அதை மாட்டிக்கொண்டு பேச முடியாது. மௌனப்படம் என்பதால் பிழைத்தது. ஆக, நடிகருக்கு மிஞ்சியது கண்ணும் நெற்றியும்தான். பார்வையற்ற டேயா அவன் முகத்தைத் தடவ வரும் இடத்தில், வாய் இளித்தபடி இருக்க, மேலே கண் கெஞ்சுகிறது. ஒரே முகத்தில் இரண்டு பேர். இந்தப் படத்தின் புகைப்படம்தான் 1940இல் பேட்மேன் கதைகளின் ஜோக்கருக்கு வழிகாட்டியது. ஜோக்கரைத் தெரிந்தவர்களில் நூற்றில் ஒருவருக்காவது குவின்பிளெய்னைத் தெரியுமா?

பேசும் படம் வந்ததும், ஆங்கிலம் சரளமாக வராததால் 1929இல் ஜெர்மனிக்கே திரும்பினார்.

ஜூன் 15

1924இன் ‘மெழுகுப் பொம்மைக்கூடம்’. எமில் யான்னிங்ஸ் ஹாரூன் அல் ரஷீத், ஃபைட் கொடுங்கோலன் இவான், வெர்னர் க்ராவுஸ் கத்தியோடு துரத்தும் கொலைகாரன். ஜெர்மன் நடிப்பின் மூன்று மலைகள் ஒரே படத்தில். க்ராவுஸ்தான் கலிகாரியும், ‘பிராக் மாணவ’னில் கண்ணாடி உருவத்தை விலைக்கு வாங்குபவரும் அவரே.

பிறகு என்ன ஆனார்கள்? சிறந்த நடிகருக்கான முதல் ஆஸ்கரை வாங்கிய யான்னிங்ஸ் ஹிட்லர் ஆட்சியில் பிரசாரப் படங்களில் நடித்தார். க்ராவுஸ் 1940இன் யூத வெறுப்புப் படமான ‘யூத சூஸ்’ஸில் பல யூத வேடங்களை ஒருவராகவே ஏற்றார். 1934இல் பிரிட்டனில் அதே சூஸ் ஓப்பன்ஹைமரின் கதையைப் பரிவோடு எடுத்தபோது நாயகன் ஃபைட். ‘மெழுகுப் பொம்மைக்கூட’த்தை இன்று முழுதாகப் பார்க்க மனம் வரவில்லை. இவான் மணற்கடிகாரத்தைத் திருப்பித் திருப்பி வைக்கும் இடத்தோடு நிறுத்திவிட்டேன்.

ஜூன் 21

1933. திரைத்துறையினர் எல்லோரும் தங்கள் இனத்தைப் படிவத்தில் எழுதித் தர வேண்டும் என்று புதிய ஆட்சி உத்தரவிட்டது. ஃபைட் யூதர் அல்லர். மனைவி லில்லி யூதர். படிவத்தில் அவர் எழுதியது: ‘யூதர்’. திருமணம், அடுத்த சில நாட்களில் லண்டன். வசூல் நடிகர், ஜெர்மனியில் அவருக்குப் படங்களும் இருந்தன, ரசிகர்களும் இருந்தார்கள். பிற்பாடு பிரிட்டிஷ் குடியுரிமை பெற்றார். போர் வந்ததும் தன் வருமானத்தில் பெரும்பகுதியை பிரிட்டனின் போர் நிதிக்குக் கொடுத்தார். ‘ஓர்லாக்’கை மறுபடி பார்க்க வேண்டும் போலிருக்கிறது.

ஜூன் 22

‘காசாபிளாங்கா’. நாஜி அதிகாரி மேஜர் ஸ்ட்ராசராக ஃபைட், கையுறையும் மரியாதையுமாக விமானத்திலிருந்து இறங்குகிறார். குரலை உயர்த்துவதே அரிது. நாஜியிடமிருந்து தப்பி வந்தவரே நாஜி வேடம் கட்டுகிறார்; அந்தப் படத்தில் அப்படித் தப்பி வந்த நடிகர்கள் இன்னும் பலர். படம் வந்த சில மாதங்களில், 1943 ஏப்ரல் 3 அன்று, லாஸ் ஏஞ்சல்ஸில் கோல்ஃப் ஆடிக்கொண்டிருந்தபோது மாரடைப்பு. வயது ஐம்பது.

1952இல் இந்தப் படம் மேற்கு ஜெர்மனிக்குப் போனபோது ஏறக்குறைய 25 நிமிடங்களை வெட்டிவிட்டார்கள். நாஜிகள் வரும் காட்சிகள் போயின, அவற்றோடு ஸ்ட்ராசரும் போனார். எதிர்ப்பு இயக்கத் தலைவர் லாஸ்லோ ஒரு நார்வே விஞ்ஞானியாகிவிட்டார். பெர்லினில் பிறந்தவரின் மிகப் பிரபலமான படத்தை அவருடைய ஊர்க்காரர்கள் அவர் இல்லாமலேயே பார்த்தார்கள். முழுப் படம் அங்கே ஜெர்மன் மொழியில் வரப் 1975 ஆயிற்று.