அடிவானத்தை எங்கே வைப்பது? அமெரிக்கக் கடல் ஓவியங்களும் டச் பே படகும்

கடலை வரையத் தொடங்குபவர்கள் முதலில் கேட்பது நீலத்தைப் பற்றித்தான். எந்த நீலம், அதில் எவ்வளவு தண்ணீர், நுரைக்கு வெள்ளை பூசலாமா என்று கேட்பார்கள். இதெல்லாம் பிறகு. அமெரிக்க ஓவியர்களின் கடல் படங்களை வரிசையாகப் பார்த்தால், ஒரே கடலும் ஒரே மாதிரிப் படகும் ஒருவர் கையில் அமைதியாகவும் இன்னொருவர் கையில் ஆபத்தாகவும் மாறுவது அடிவானக் கோட்டின் உயரத்தால் என்பது தெரியும். நிறம் அதற்குத் துணை நிற்கிறது, அவ்வளவுதான்.

இதைச் சோதிக்க ஒரு அடிமட்டம் போதும். நியூயோர்க் மெற்றோபொலிட்டன் அருங்காட்சியகமும் வொஷிங்டன் தேசிய ஓவியக்கூடமும் சிக்காகோ கலைக்கழகமும் பழைய ஓவியங்களின் பெரிய படங்களை இணையத்தில் இலவசமாகத் தந்திருக்கின்றன. ஒன்றை இறக்கி, படத்தின் மொத்த உயரத்தையும் மேல் விளிம்பிலிருந்து அடிவானம் வரையான உயரத்தையும் அளந்து வகுத்துப் பாருங்கள். பத்துப் படம் அளந்த பிறகு அடிமட்டம் இல்லாமலே கண் பிடித்துவிடும்.

பிட்ஸ் ஹென்றி லேன் (1804–1865) மசச்சூசெற்ஸ் மாநிலத்தின் குளொஸ்டர் துறைமுகத்தில் பிறந்தவர், கல்லச்சு வேலையில் கை பழகியவர். அவர் படங்களில் அடிவானம் தாழ்ந்து கிடக்கும். பாதிக்கு மேல் வானம். பாய்மரங்கள் நேர்குத்தாக நின்று அந்தக் கோட்டை வெட்டும். தூரிகைத் தடமே தெரியாது. பார்ப்பவன் கரையில் பத்திரமாக நிற்கிறான் என்பதைப் படம் சொல்லாமல் சொல்லிவிடும். நம் திருகோணமலையில் லேனைப் புரிந்துகொள்ள நல்ல இடம் உட்துறைமுகம். மலைகள் அடைத்து நிற்பதால் திறந்த கடலின் கோடே தெரியாது, தண்ணீர் தட்டையாகக் கிடக்கும், மாலை வெயில் எதிரே விழும். (கடற்படைத் தளப் பக்கம் பலகையைத் திருப்பி வைத்து வரையவோ படம் எடுக்கவோ வேண்டாம். பிரெட்ரிக் கோட்டைக்குள்ளும் அப்படித்தான், அங்கே இராணுவம் இருக்கிறது.)

மார்ட்டின் ஜோன்சன் ஹீட் 1859இல் வரைந்த இடிமழை வரும் படத்திலும் தண்ணீர் அசையவில்லை. ஆனால் வானமும் தண்ணீரும் கறுத்து, கரை மட்டும் வெளிச்சத்தில் இருக்கிறது. கரையில் ஒருவர் சும்மா உட்கார்ந்து பார்க்கிறார். நம்மூரில் ஒக்டோபர் பின்னேரங்களில் இந்த வெளிச்சம் சில நிமிடம் வந்து போகும். அந்தக் கறுப்பை நீர்வண்ணத்தில் பிடிக்க அல்ட்ராமரின் இரண்டு பங்கும் பேர்ண்ட் அம்பர் ஒரு பங்கும் கலந்து, நினைத்ததை விட ஒரு படி கடுமையாகப் பூச வேண்டும். காய்ந்ததும் வெளிறும். ரியூப்பில் வரும் கறுப்பை அப்படியே பூசினால் வானம் தார் பூசிய சுவராகிவிடும்.

இனி வின்ஸ்லோ ஹோமர் (1836–1910). கடல் என்ற கருவை அமெரிக்க ஓவியத்தில் இவரளவுக்குத் தோண்டியவர் இல்லை என்பது என் கருத்து. 1873 கோடையில் குளொஸ்டரில் நீர்வண்ணத்தைக் கையிலெடுத்தார். அதே ஆண்டு தொடங்கி 1876இல் முடித்த ‘பிரீசிங் அப்’ எண்ணெய்வண்ணப் படத்தில் ஒரு பெரியவரும் மூன்று சிறுவர்களும் சாய்ந்து ஓடும் பாய்ப்படகில் போகிறார்கள். அடிவானம் இன்னும் தாழ்வாகத்தான் இருக்கிறது, படகு மட்டும் சாய்கிறது. முதலில் பாய்மரத்துக்கருகே நான்காவது சிறுவன் ஒருவனும் தூரத்தில் இரண்டாவது கப்பலும் இருந்ததை அருங்காட்சியக ஆய்வு காட்டியது. ஹோமர் இரண்டையும் அழித்துவிட்டார். ஆட்களை எடுத்துவிடுவது இவருடைய வழக்கம். 1895இல் வரைந்த ‘நோர்த்ஈஸ்டர்’ படத்தில் பாறையில் ஒதுங்கிய இருவர் இருந்தார்கள். சில ஆண்டுகள் கழித்து அவர்களை மூடிப் பூசி, அலையை இன்னும் உயர்த்தினார். இப்போது அங்கே பாறையும் அலையும் மட்டும்.

இங்கிலாந்தின் கல்லர்கோட்ஸ் மீனவக் கிராமத்தில் 1881–82இல் தங்கிவிட்டு, 1883இல் மெய்ன் மாநிலத்தின் புரவுட்ஸ் நெக்கில் குடியேறிய பிறகு அடிவானம் மேலே ஏறத் தொடங்குகிறது. 1884ஆம் ஆண்டின் ‘லைஃப் லைன்’ படத்தில் உடையும் கப்பலிலிருந்து கயிற்றில் தொங்கியபடி ஒருவர் மயங்கிய பெண்ணைக் காப்பாற்றுகிறார். அலை எழும்பியதில் அடிவானமே காணாமல் போய்விட்டது. காப்பாற்றுபவரின் முகத்தைச் சிவப்புச் சால்வை பறந்து மறைக்கிறது. முகம் தெரிந்திருந்தால் வீரனைப் பற்றிய படமாகியிருக்கும். மறைந்ததால் கண் கயிற்றுக்குப் போகிறது. அடுத்த ஆண்டு ‘ஃபொக் வோர்னிங்’: சிறு படகில் தனி மீனவர், பின்னால் பெரிய ஹலிபட் மீன்கள், தூரத்தில் தாய்க்கப்பல், அதை மூட வரும் பனி. இங்கே ஆபத்து அலையில் இல்லை, அடிவானத்தை ஒட்டிய அந்தப் பனிப் பட்டையில் இருக்கிறது. மீன் கனம், தூரம் அதிகம், நேரம் குறைவு. கடலுக்குப் போகிற எவருக்கும் விளக்கம் தேவைப்படாத படம்.

1899இன் ‘கல்ஃப் ஸ்ட்ரீம்’ படத்தில் பாய்மரம் முறிந்த படகில் ஒரு கறுப்பின மனிதர் சாய்ந்து கிடக்கிறார். சுற்றிச் சுறாக்கள், ஒரு பக்கம் கடலிலிருந்து சுழன்றெழும் நீர்த்தூண், இன்னொரு பக்கம் மங்கலாக ஒரு கப்பல், தளத்தில் கரும்புத் தண்டுகள். அடிவானம் மேற்பகுதிக்குப் போய்விட்டது. படகின் தளம் நம் பக்கமாகச் சாய்ந்திருப்பதால் அவருக்கு என்ன மிச்சம் என்பது ஒன்றுவிடாமல் தெரிகிறது. கரும்பைத் தற்செயலாகப் பார்க்க முடியாது, கரீபியன் தீவுகளின் அடிமை முறை கரும்புத் தோட்டத்தில் நடந்தது. அவர் அந்தக் கப்பலைப் பார்க்கவுமில்லை. 2003இல் அமெரிக்கக் கறுப்பின ஓவியர் கெரி ஜேம்ஸ் மார்ஷல் அதே தலைப்பில், கறுப்பினத்தவர்கள் பொழுதுபோக்காகப் பாய்ப்படகு ஓட்டும் படத்தை வரைந்தது இதற்கான நேரடிப் பதில்.

சுறா என்றால் இன்னும் பழையது ஒன்று உண்டு. ஜோன் சிங்கிள்டன் கொப்ளி 1778இல் வரைந்த ‘வொட்சனும் சுறாவும்’. 1749இல் ஹவானா துறைமுகத்தில் 14 வயதுப் பையனின் காலைச் சுறா கடித்த உண்மைச் சம்பவம். மனிதர்களின் அமைப்பு அபாரம், சுறாவோ பாவம்: அதற்கு உதடு இருக்கிறது. மீன் சந்தைக்குப் போய் வருகிற யாரும் பார்த்தவுடன் சொல்லிவிடுவார்கள்.

எட்வர்ட் ஹொப்பர் 1939இல் வரைந்த ‘கிரவுண்ட் ஸ்வெல்’ படத்தில் வெயில் நாள், மெல்லிய முகில், பாய்ப்படகில் இளைஞர்கள். எல்லாருடைய கவனமும் எச்சரிக்கை மணி பொருத்திய மிதவை மேல். நடந்தது எதுவுமில்லை. மிதவை சாய்ந்து நிற்கிறது, அவ்வளவே.

சரி, இதைக் கையால் செய்து பார்ப்போம். நல்ல இடம் திருகோணமலையின் டச் பே கரை, நேரம் காலை ஆறு மணி. 56×76 செ.மீ. தாளை நாலாக வெட்டினால் 28×38 வரும். சதுர மீற்றருக்கு 300 கிராம் கனமுள்ள பருத்தித் தாளாக இருக்கட்டும். காட்போர்டில் 7×9.5 செ.மீ. சன்னல் ஒன்று வெட்டுங்கள், அது தாளின் கால் அளவு, அதே விகிதம். கையை நீட்டி அதற்குள்ளால் பாருங்கள்.

பெரும்பாலானவர்கள் பிழை விடும் இடம் இதுதான். நீர்விளிம்பில் நிற்பவரின் கண் 1.6 மீற்றர் உயரத்தில் இருந்தால் அடிவானம் ஏறத்தாழ 4.5 கிலோமீற்றர் தூரத்தில் இருக்கும். 100 மீற்றர் தள்ளி மிதக்கும் 18 அடி பைபர் போட், கண்ணிலிருந்து 60 செ.மீ. தள்ளிப் பிடித்த சன்னலில் 3.3 செ.மீ. நீளமாகத் தெரியும். அதன் நீர்க்கோடு அடிவானத்துக்கு வெறும் ஒரு செ.மீ. கீழே. ஆனால் அதே சன்னல் அளவில் வரையும்போது கை தானாக நாலு செ.மீ. கீழே இறக்கிவிடும். அது ஏழு மீற்றர் உயரத்தில், மாடி வீட்டுக் கூரையில் நின்று பார்த்த காட்சி. கரை மணல் கீழ்நின்று பார்த்தபடியும் படகு மேல்நின்று பார்த்தபடியும் இருந்தால், ஏன் என்று சொல்லத் தெரியாமலே படம் உறுத்தும். இன்னொரு சோதனை: அசையாமல் மட்டமாக மிதக்கும் படகின் உட்புறம் தெரிகிறதென்றால் அடிவானம் படகின் விளிம்புக்கு மேலே இருந்தே ஆக வேண்டும். சாய்ந்த படகுக்கு இந்த விதி இல்லை, ஹோமர் தளத்தைச் சாய்த்ததன் வசதி அதுதான். உயரமான அடிவானம் நியாயமாக வேண்டுமென்றால் கோணேசர் கோயில் இருக்கும் சுவாமி மலைக்கு ஏறிப் பாருங்கள். 100 மீற்றர் உயரத்தில் அடிவானம் 36 கிலோமீற்றருக்குப் போய்விடும், கடல் எதிரே சுவராக எழும்பும்.

சன்னல் அளவில் மூன்று சிறு வரைவுகள் போடுங்கள். படகு ஒன்றே, அளவும் ஒன்றே. அடிவானம் முதலாவதில் கீழிருந்து மூன்றிலொரு பங்கில், இரண்டாவதில் மேலிருந்து கால் பங்கில், மூன்றாவதில் அலை மறைத்து இல்லாமலே. மூன்றாவதில் படகை 15 பாகை சாயுங்கள். 2பி பென்சிலால் இரண்டே சாயல், வெளிர், கடும். எது வேண்டுமென்று தெரிந்த பிறகு பெரிய தாளுக்குப் போகலாம். அங்கே அடிவானத்தை அடிமட்டம் வைத்தே கீறுங்கள். படகு எவ்வளவும் சாயலாம், கோடு 38 செ.மீ. அகலத்தில் 2 மில்லிமீற்றர் சரிந்தாலும் கடல் ஒரு பக்கம் வழிவதுபோல் தோன்றும்.

அடிவானத்தில் மாஸ்கிங் ரேப் ஒட்டி வானத்தை முதலில் பூசுங்கள். பலகையைத் தலைகீழாகத் திருப்பி, கடல் பக்கத்தைச் சற்று உயர்த்தி, அடிவானத்திலிருந்து தொடங்கினால் நிறம் வானத்தின் மேல்பக்கமாக வடிந்து சேரும். அடிவானம் வெளிறி நிற்கும். பட்டாணி அளவு நிறத்துக்கு ஒரு தேக்கரண்டி தண்ணீர். ரேப்பைத் தாள் முழுக்கக் காய்ந்த பிறகுதான் உரிக்க வேண்டும். புறங்கையை வைத்துப் பாருங்கள். குளிர்ந்தால் உள்ளே ஈரம் இருக்கிறது.

நுரைக்கு வெள்ளை நிறம் வேண்டாம். ஹோமரும் ஆரம்பத்தில் வெள்ளை கலந்தவர்தான், பிறகு தாளின் வெள்ளையையே நம்பினார். விடவேண்டியதை விடுவது முதல் வழி. பூசியதை நனைத்து, பத்துப் பதினைந்து விநாடி விட்டு, ரிஷ்யூவால் ஒற்றி எடுப்பது இரண்டாவது. இதற்கு அடியில் அல்ட்ராமரின் அல்லது கோபால்ட் நீலம் இருக்க வேண்டும்; தாலோ நீலமும் பிரஷ்ய நீலமும் தாளில் ஏறிக்கொள்ளும், எவ்வளவு ஒற்றினாலும் வராது. மூன்றாவது, பிளேட் நுனியால் சுரண்டுவது. அலைமேல் வெயில் மினுங்குவதற்கு ஹோமர் இதைத் தாராளமாகச் செய்தார். தாள் நன்றாகக் காய்ந்த பிறகே சுரண்ட வேண்டும். ஈரத்தில் சுரண்டினால் கீறலுக்குள் நிறம் இறங்கி, வெள்ளைக்குப் பதிலாகக் கறுப்புக் கோடு விழும். மலிவான மரக்கூழ்த் தாள் பஞ்சாகக் கிளம்பிவிடும். சுரண்டிய இடத்தில் மறுபடி பூசினால் திட்டாக உறிஞ்சும், ஆகவே இது கடைசி வேலை.

காற்றைப் பார்த்து முறையை மாற்ற வேண்டும். கச்சான் அடிக்கும் மாதங்களில் பூச்சு நிமிடத்தில் காய்ந்து விளிம்பு கட்டிவிடும். தாளின் பின்புறத்தையும் நனைத்துப் பலகையில் ஒட்டிக்கொண்டால் நேரம் கிடைக்கும். வாடைக் காலத்தில் நேர்மாறு: மேலே காய்ந்தது போலிருக்கும், உள்ளே ஈரம். அதன்மேல் தண்ணீரான இரண்டாம் பூச்சுப் போட்டால் நிறத்தைத் தள்ளிக்கொண்டுபோய்ப் பூக்கோவாப் போலக் கறை விரியும். ஈரப் பூச்சில் கடல் தூவானம் விழுந்தால் உப்பு நிறத்தை இழுத்து நட்சத்திரப் புள்ளிகள் வரும். சிலர் இது அழகென்று கடல்நீரிலேயே கரைக்கிறார்கள். உப்பு தாளில் தங்கி ஈரத்தை இழுத்துக்கொண்டே இருக்கும், ஒரு மாரியில் பூஞ்சணம் பிடித்துவிடும்.

அல்பேர்ட் பிங்கம் ரைடர் (1847–1917) இதற்குச் சரியான எச்சரிக்கை. நிலவொளியில் சிறு படகு, கனத்த முகில், கரைந்துபோன அடிவானம் என்று அமெரிக்கக் கடல் ஓவியத்தின் கனவுப் பக்கம் அவருடையது. ஆனால் எண்ணெய்ப் பூச்சு காயும் முன்னே அதன்மேல் இன்னொன்று, நடுவில் வார்னிஷ் என்று அடுக்கிக்கொண்டே போனார். மேல்தோல் முதலில் இறுகி, அடி பிறகு சுருங்கியதால் பல படங்கள் பிளந்து கறுத்துவிட்டன. ஹோமரும் முழுக்கத் தப்பவில்லை. 1887ஆம் ஆண்டு நீர்வண்ணம் ஒன்றில் வானம் இப்போது வெறும் வெளிறலாகத் தெரிகிறது. அங்கே அந்திச் சிவப்பு இருந்து வெளிச்சத்தில் மங்கிப்போனதைச் சிக்காகோ கலைக்கழக ஆய்வு காட்டியது. ரியூப்பின் பின்னால் நிறமிக் குறியீடு பி.ஆர். 83 (PR 83) என்றிருந்தால் அது மங்கும் அலிசரின் சிவப்பு; அதற்குப் பதிலாக பி.வி. 19 (PV 19) வாங்குங்கள்.

தாள் வாங்கும்போது கடையில் கிடந்த பழைய கட்டாக இருந்தால் ஓரத்தில் ஒரு துளி தண்ணீர் விடுங்கள். முத்தாக நின்றால் நல்லது. உடனே உறிஞ்சிக் கறுத்த வட்டமானால் ஈரக்காற்றில் அதன் பசை போய்விட்டது, பூசும் நிறமெல்லாம் உள்ளே இறங்கி மங்கும். சட்டம் போடும்போது கண்ணாடி படத்தைத் தொடாமல் நடுவில் 2 மில்லிமீற்றராவது அட்டை இடைவெளி விடுங்கள், கடற்பக்க வெளிச்சுவரில் மாட்டாதீர்கள்.